பல்லக்கா போடாத கையெழுத்து

பல்லக்காவின் பற்களில் ஒரு குறையும் கிடையாது. இரண்டாவது மாடியில், பல் மருத்துவரின் முன்மேசையில் இருபத்தொரு வருஷமாக உட்கார்ந்திருப்பதால் ஒட்டிக்கொண்ட பெயர் அது. யார் வைத்தது என்று யாருக்கும் நினைவில்லை. கீழே செருப்புக் கடைக்காரர்கூட, "என்ன பல்லக்கா, இன்னைக்கு எத்தனை பேர் அழுதாங்க?" என்றுதான் விசாரிப்பார்.

"ரெண்டு பேர். அதுல ஒருத்தர் கூட வந்தவர்" என்பாள்.

யார் எப்போது வர வேண்டும் என்று கோடு போட்ட பெரிய நோட்டில் எழுதுவது, தொலைபேசியை எடுப்பது, தாடை அச்சுகளைக் கழுவிக் காயவைப்பது, உள்ளே துளைக்கும் சத்தம் கேட்டு எழுந்து ஓடப் பார்ப்பவரைப் பேச்சுக் கொடுத்து உட்கார வைப்பது, இவ்வளவும் அவள் வேலை. ஆட்களை அவள் முகத்தால் நினைவில் வைத்துக்கொள்வதில்லை. தெருவில் ஒருவர் வணக்கம் வைத்தால் யாரென்று விழிப்பாள். அவர் சிரித்துவிட்டால் போதும், கீழ் வரிசை, இடது ஓரம், இரண்டு அடைப்பு என்று எல்லாம் வந்துவிடும்.

நடையின் எதிர்ப்பக்கம் வக்கீலின் அலுவலகம். அவள் மேசையிலிருந்து அந்தக் கதவுக்கு எட்டு அடி. பதினோரு வருஷத்துக்கு முன்னால் ஒரு நாள் வக்கீல் பேனாவும் கையுமாக வந்து நின்றார். ஒரு உயிலுக்குச் சாட்சி போட வேண்டியவர் வரவில்லையாம். "அக்கா, ஒரு கையெழுத்து. ரெண்டு நிமிஷம்." பல்லக்கா கையிலிருந்த பஞ்சு உருண்டையோடு போய்ப் போட்டுவிட்டு வந்தாள். அன்று ஆரம்பித்தது. மாதத்தில் மூன்று, சில மாதம் ஐந்து. எப்போதும் இடத்தில் இருப்பாள். அங்கே வருகிற யாருக்கும் அவள் சொந்தமில்லை. கையெழுத்து அச்சுக் கோத்ததுபோல இருக்கும். பார்த்ததையும் கேட்டதையும் வெளியே சொல்ல மாட்டாள். "எங்க அக்கா வாயைத் திறந்து நான் பார்த்ததில்ல" என்பார் டாக்டரம்மா. பல் மருத்துவரே சொல்வதால் அந்தப் பேச்சுக்கு மதிப்பு அதிகம்.

வக்கீலிடம் ஒரு வழக்கம் உண்டு. உயிலின் கடைசிப் பக்கத்தில் சாட்சிகளின் பெயர், வயது, முகவரி எழுதி, அதன் கீழே ஒரே ஒரு சொல்லைத் தட்டச்சு செய்ய வைப்பார்: பயன்பெறாதவர்.

"சட்டத்துல இந்தச் சொல்லை எழுதணும்னு இல்லக்கா. ஆனா சட்டம் கேக்கறது இதைத்தான்" என்று அவளுக்கு ஒருமுறை விளக்கினார். "உயில்ல யாருக்கு எது போகுதோ, அவங்க அதுக்குச் சாட்சியா நிக்க முடியாது. அவங்க வீட்டுக்காரரோ வீட்டுக்காரியோகூட முடியாது. தெரியாம நின்னுட்டா, அவங்களுக்குன்னு எழுதின வரி மட்டும் செத்துடும். உயில் பிழைச்சுக்கும்."

"தெரியும்" என்றாள் பல்லக்கா.

அவளுக்கு எப்படித் தெரியும் என்று வக்கீலுக்குக் கேட்கத் தோன்றவில்லை.

போன வருஷம் வக்கீலிடம் புதிதாக ஒரு தட்டச்சுக்காரர் வந்து சேர்ந்தார். நாற்பது வயது. அதற்கு முன் ஓர் அச்சகத்தில் மருந்துப் பெட்டிகளுக்கான துண்டுத்தாள்களை அடித்துக்கொண்டிருந்தவர். ரொம்ப மரியாதைக்காரர்; பல்லக்காவை 'மேடம்' என்று அழைத்த ஒரே மனிதர். அவர் வந்த இரண்டாவது மாதம், ஆறாவது உயிலில் கையெழுத்துப் போடப்போனவள் பேனாவை நிறுத்தினாள்.

"சார், இது என்ன வார்த்தை?"

தட்டச்சுக்காரர் குனிந்து பார்த்தார். "பயன்படாதவர், மேடம்."

"இருக்க வேண்டியது?"

"பயன்... அய்யய்யோ."

வக்கீல் பழைய பிரதிகளை எடுத்துப் பார்த்தார். ஐந்து உயில்களில் பல்லக்கா தன் பெயருக்கும் வயதுக்கும் கீழே பயன்படாதவர் என்று ஒப்புக்கொண்டு கையெழுத்திட்டிருந்தாள். கூடவே தட்டச்சுக்காரரும். "ஒண்ணும் ஆகாது" என்றார் வக்கீல், சிரிப்பை அடக்க முடியாமல். "வார்த்தைல ஒண்ணும் இல்ல. பயன் பெறுறாங்களா இல்லையாங்கற உண்மையைத்தான் சட்டம் பாக்கும்."

"அப்ப நான் பயன்படாதவள்ங்கறதும் உண்மைன்னு வெச்சுக்கும்" என்றாள் பல்லக்கா. தட்டச்சுக்காரர் அன்று முழுவதும் தலை நிமிரவில்லை. சாயந்திரம் போகும்போது அவள்தான் அவர் மேசையில் ஒரு மிட்டாயை வைத்துவிட்டுப் போனாள். பல் மருத்துவரிடம் வேலை செய்பவள் மிட்டாய் கொடுப்பது தொழில் விருத்திக்குத்தான் என்று டாக்டரம்மா பிறகு சொன்னார்.

இந்த மாடிக்கு 'செவ்வாய்' என்று ஒருவர் வருவார். எழுபத்து மூன்று வயது. கடைகளில் தராசையும் எடைக்கல்லையும் சோதிக்கும் அரசு வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர். ஒன்றரை வருஷத்துக்கு முன்னால் பல்செட் கட்டிக்கொண்டார். அதிலிருந்து எல்லாச் செவ்வாய்க்கிழமையும் பதினொரு மணிக்குப் புகாரோடு வருவார். மற்றவர்கள் "எங்கயோ உறுத்துது டாக்டர்" என்பார்கள். அவர், "மேல் வரிசை, வலது, மூணாவது பல்லுக்குப் பின்னாடி. அரை மில்லி" என்பார். டாக்டரம்மா அரை மில்லி தேய்த்துக் கொடுப்பார். அடுத்த வாரம் இடது பக்கம்.

தேய்த்து முடிந்ததும் அவர் வீட்டுக்குப் போகமாட்டார். பெஞ்சில் உட்கார்ந்து நாளிதழின் குறுக்கெழுத்தை எடுப்பார். இடமிருந்து வலம் அவளுக்கு, மேலிருந்து கீழ் அவருக்கு. பல்லக்கா பிளாஸ்கிலிருந்து மூடியில் அவருக்கும் டம்ளரில் தனக்கும் தேநீர் ஊற்றுவாள். சொந்தக் கதையாக இருவரும் பேசிக்கொண்டது ஒரு அஞ்சலட்டையில் அடங்கிவிடும். அவர் மனைவி போய் ஒன்பது வருஷம். பிள்ளை இல்லை. ஒரு தங்கை மட்டும். அறுபது நெருங்கியும் சட்டைப் பொத்தானை யாராவது போட்டுவிட வேண்டியிருந்த அந்தத் தங்கை ஒரு காப்பகத்தில் இருந்தார். ஞாயிற்றுக்கிழமைகள் தங்கைக்கு. பல்லக்காவைப் பற்றி அவர் தெரிந்துகொண்டது, சைக்கிள் கடைக்கு மேலே ஓர் அறையில் தனியாக இருக்கிறாள், எண்ணெய் பிசுக்கு வாசனை பழகிவிட்டது என்ற அளவுதான்.

இதயத்தில் ஒரு வால்வு சரியில்லை, மாற்ற வேண்டும் என்று மருத்துவமனையில் சொல்லியிருந்ததும் அவளுக்குத் தெரியும். அடுத்த மாதம் என்றிருந்தார்கள். அதற்குள் உயில் எழுதிவிடுகிறேன் என்று எதிர் அறைக்கு அவர் நாலைந்து முறை போய்விட்டார். ஒவ்வொரு முறையும் ஒரு சொல்லை மாற்றினார். "இவர் எழுதறது உயில் இல்ல, நிறுத்தல் அளவைச் சட்டம்" என்று வக்கீல் அலுத்துக்கொண்டார்.

ஒரு வியாழக்கிழமை மூன்றரை மணிக்கு அவர் கையில் ஒரு துணிப்பையோடு படியேறி வந்தார்.

"ஐயா, இன்னைக்கு வியாழன்."

"தெரியும்மா. பல்லுக்கு வரல." பெஞ்சைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினார். "மருத்துவமனையிலேர்ந்து போன் வந்துச்சு. நாளைக்கு ஒரு இடம் காலியாகுதாம். காலையில ஆறு மணிக்கே உள்ள எடுத்துக்கறாங்க. இன்னைக்கு ஆறுக்குள்ள போய்ப் படுத்துடணும்."

"நாளைக்கேவா?"

"அதான் முதல்ல இந்தக் காகிதத்தை முடிச்சுடலாம்னு. நான் இல்லாட்டி அவளுக்கு யாரு? வீட்டு வாடகை காப்பகத்துக்குப் போற மாதிரி எழுதியிருக்கேன். கையெழுத்தாகலன்னா எல்லாம் காத்துல போயிடும்."

அவர் எதிர்க் கதவுக்குள் போனார். பல்லக்கா கண்ணாடியைத் துடைத்தாள். மேசை இழுப்பறையிலிருந்து நல்ல பேனாவை எடுத்து, பழைய சீட்டு ஒன்றில் கிறுக்கிப் பார்த்து வைத்துக்கொண்டாள். வழக்கமாக இருபது நிமிஷத்தில் கூப்பிடுவார்கள்.

அரை மணி ஆயிற்று. தட்டச்சுக்காரர் வெளியே வந்தார். பேனாவோடு தயாராக உட்கார்ந்திருந்தவளைப் பார்த்தார். உடனே திரும்ப உள்ளே போய்விட்டார். அப்புறம் வக்கீல் வந்தார்.

"அக்கா, இதுல நீங்க போட வேணாம்."

"ஏன், என் கையெழுத்துல ஏதாச்சும் தப்பா?"

"அதெல்லாம் இல்ல."

"முன்னாடி அந்த வார்த்தை தப்பா விழுந்துச்சே, அது ஏதாச்சும்..."

"இல்லக்கா." வக்கீல் காதைச் சொறிந்தார். "காரணத்தை நான் சொல்லக் கூடாது. உள்ள என்ன இருக்குங்கறது அவரோட விஷயம். உங்களால இதுல சாட்சியா இருக்க முடியாது. அவ்வளவுதான் சொல்ல முடியும்."

சாட்சியாக இருக்க முடியாததற்கு ஒரே ஒரு காரணம்தான் உண்டு. பதினோரு வருஷமாக அந்தக் காரணம் இல்லாததால்தானே அவளைக் கூப்பிட்டார்கள். பேனாவின் மூடியைப் போட்டாள், மூடி கழன்றது, மறுபடி போட்டாள். காது இரண்டும் சுட்டன. தொலைபேசி அடித்தது. எடுத்து, என்ன வலி என்றுகூடக் கேட்காமல், "சனிக்கிழமை வாங்க" என்று சொல்லி வைத்தாள். யார் பேசினார்கள் என்று எழுதிக்கொள்ளவே இல்லை.

எதிரே வக்கீல் தொலைபேசியில் ஆள் தேடுவது கேட்டது. தட்டச்சுக்காரர் ஒரு சாட்சி. இன்னொருவர் வேண்டும். முதல் மாடிக் கணக்காளர் விடுமுறையில் ஊருக்குப் போயிருந்தார். இன்னொரு நண்பர் நாளைக் காலையில் வருகிறேன் என்றார். வக்கீல் தானே போட முடியாது; உயிலை நிறைவேற்றி வைக்கிற பொறுப்பும் அதற்கான ஊதியமும் அவர் பெயரில் எழுதப்பட்டிருந்தன. மணி நாலு இருபது.

பல்லக்கா எழுந்து எட்டு அடியையும் நடந்தாள்.

"குடுங்க, நான் போட்டுடறேன்."

அறையிலிருந்த மூன்று பேரும் அவளைப் பார்த்தார்கள். மேசையில் பக்கங்கள் கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தன.

"போட்டா என்ன ஆகும்னு தெரியும்ல?" என்றார் வக்கீல்.

"அந்த வரி செத்துடும். உயில் பிழைச்சுக்கும். தங்கச்சிக்கு எழுதினது நிக்கணும். எனக்கு எழுதினது என்னவா இருந்தா என்ன? எனக்கு இது புதுசு இல்ல."

"புதுசு இல்லன்னா?" என்று கேட்டார் செவ்வாய்.

பல்லக்கா அதை யாரிடமும் சொன்னதில்லை. இப்போதும் சொல்ல வேண்டும் என்று நினைத்துச் சொல்லவில்லை; அவர் கேட்டார், வந்துவிட்டது.

"எங்கம்மா உயில் எழுதினாங்க. அப்ப எனக்கு இருபத்தொன்பது. பக்கத்து வீட்டு வாத்தியார் எழுதிக் குடுத்தார். ரெண்டு சாட்சி வேணும்னார். வாத்தியார் ஒண்ணு. வீட்டுல எழுதப் படிக்கத் தெரிஞ்சவ நான். அம்மா கையைப் பிடிச்சுக் கையெழுத்துப் போட வெச்சேன். கீழ நானும் போட்டேன். 'பாதி வீடு என் மகளுக்கு, மத்ததெல்லாம் மகனுக்கு'ன்னு எழுதியிருந்தாங்க. அம்மா போனப்புறம் அண்ணன் அதை ஒரு வக்கீல்கிட்ட கொண்டுபோய்க் காட்டினான். சாட்சி போட்டவங்களுக்கு எழுதினது செல்லாதுன்னு அவர் சொல்லிட்டார்."

"அண்ணன் என்ன சொன்னார்?" என்றார் வக்கீல்.

"சட்டம் அப்படிச் சொல்லுது, நான் என்ன பண்றதுன்னான். கெட்டவன் இல்ல. எப்ப வேணா வந்து இருன்னான். அண்ணி மூணாம் மாசம் என் பெட்டியைத் தூக்கிப் பின்கட்டுல வெச்சாங்க. நான் பெட்டியோட இங்க வந்துட்டேன்." அவள் பேனாவைப் பார்த்துக்கொண்டே பேசினாள். "வீடு போனதெல்லாம் ஒண்ணும் இல்ல. எங்கம்மா பேச்சுக்காரி கிடையாது. அவங்க எனக்குன்னு சொன்ன ஒரே வார்த்தை அந்தக் காகிதத்துல இருந்துச்சு. எழுதினது எழுதாத மாதிரி ஆயிடுச்சு. அதுவும் என் கையாலயே. சரி, குடுங்க. நேரமாகுது."

செவ்வாய் கவிழ்ந்திருந்த பக்கங்களைத் தன் பக்கம் இழுத்து, அதன் மேல் முழங்கையை ஊன்றிக்கொண்டார்.

"இவங்க போட்டா நான் போட மாட்டேன்."

"ஐயா, ஆறு மணிக்குள்ள..."

"மணி எனக்கும் பாக்கத் தெரியும் வக்கீல் சார். முப்பத்தாறு வருஷம் கடைக்காரன் சொன்ன எடையை நான் ஒத்துக்கிட்டதில்ல. இவ சொல்ற எடையையும் ஒத்துக்க மாட்டேன். என்னவா இருந்தா என்னவாம்! மூணு மாசம் யோசிச்சு எழுதியிருக்கேன்."

"உங்க தங்கச்சி என்ன ஆவாங்க?" என்று பல்லக்கா குரலை உயர்த்தினாள். அவள் குரலை உயர்த்தி யாரும் கேட்டதில்லை. சத்தம் கேட்டு டாக்டரம்மா கையுறையோடு நடைக்கு வந்துவிட்டார்.

"என்ன சண்டை? சாட்சிதானே, நான் போடறேன்."

"நீங்களும் முடியாது" என்றார் வக்கீல், தலையைப் பிடித்துக்கொண்டு.

"ஏன்? எனக்கு என்ன எழுதினாரு இவரு?"

செவ்வாய் தானே சொன்னார்: "என் பல்செட். போட்டுப் பாருங்க, எங்க கடிக்குதுன்னு அப்பவாச்சும் தெரியும்."

டாக்டரம்மா இடுப்பில் கை வைத்து நின்றார். தட்டச்சுக்காரர் முதலில் சிரித்துவிட்டார். அப்புறம் வாயைப் பொத்திக்கொண்டார். பல்லக்கா சிரிக்கவில்லை. கண்ணாடியைக் கழற்றி மறுபடி போட்டுக்கொண்டு, "நான் ஆள் கொண்டு வரேன்" என்று கிளம்பினாள்.

மருத்துவர் அறைப் பெஞ்சில் ஒருவர் மரத்துப்போன கன்னத்தைப் பிடித்துக்கொண்டு மனைவியோடு காத்திருந்தார். பல்லக்கா விஷயத்தைச் சொன்னாள்.

"ஹாத்தியா?" என்றார் அவர். சாட்சியா என்று கேட்கிறார். "ஹோர்த்துக்கு எல்லாம்..." என்று, கோர்ட்டுக்கெல்லாம் வர முடியாது என்பதுபோலப் பெரிதாகத் தலையாட்டினார்.

"அவர் போட வேணாம்மா" என்றாள் மனைவி. "அவர் கையெழுத்துப் போட்ட எந்தக் காகிதமும் நல்லதுல முடிஞ்சதில்ல. எங்க கல்யாணப் பதிவையும் சேர்த்து."

"அப்ப நீங்க போடுங்களேன்."

"படிச்சுப் பார்த்துட்டுத்தான் போடுவேன்."

"படிக்கக் கூடாதும்மா, அது அவரோட அந்தரங்கம். அவர் போடறதைப் பார்த்தோம்னு மட்டும்தான் நாம போடறோம்."

"படிக்காத காகிதத்துலயா? போடவே மாட்டேன்" என்றாள் அந்த அம்மாள். அதில் தப்பு சொல்ல முடியாது; பல்லக்கா படியிறங்கிக் கீழே போனாள்.

செருப்புக் கடைக்காரர் ஒரு பெண்ணின் காலுக்கு அளவு பார்த்துக்கொண்டிருந்தார். "போட்டா என்ன கிடைக்கும்?" என்றார் நிமிராமல்.

"ஒண்ணும் கிடைக்காது. கிடைக்கக் கூடாதுங்கறதுதான் விஷயமே."

"பதினோரு வருஷமா மேல போய் நீ இதைத்தான் பண்ணிட்டிருக்கியா?"

"ஆமா."

"ஒண்ணும் கிடைக்காததுக்கா?"

"ஆமாங்கறேன்ல."

"உன்னை மாதிரி நாலு பேர் வாடிக்கைக்கு வந்தா நான் எப்பவோ மாடி கட்டியிருப்பேன்." பிறகு கொஞ்சம் குரலைத் தாழ்த்தினார். "உயில் மட்டும் வேணாம் பல்லக்கா. எங்கப்பா எழுதின ஒண்ணுல அண்ணன் தம்பி நாங்க மூணு பேரும் இன்னைக்கு வரைக்கும் பேசிக்கறதில்ல. அந்த மாதிரிக் காகிதம் இருக்கற அறைக்குள்ள நான் வரவே மாட்டேன்."

மணி ஐந்தாகப் பத்து நிமிஷம். பல்லக்கா நடைபாதையில் நின்றாள். எத்தனை வீடுகளின் காகிதங்களில் தன் பெயரைக் கொண்டுபோய் வைத்திருக்கிறாள்! தனக்காக அப்படி ஒருவரை இந்தத் தெருவில் கண்டுபிடிக்க முடியவில்லை. ஓடிப்போய்க் கையெழுத்தைப் போட்டுவிடலாமா என்று மறுபடி தோன்றியது. அவரைச் சமாதானப்படுத்த முடியாதா? ஒரு வரிதானே. ஆனால் கால் படிப்பக்கம் திரும்பவில்லை. இரண்டாவது முறையும் தன் கையாலேயே அழிக்க அவளால் முடியவில்லை.

அப்போதுதான் வக்கீலின் கார் கண்ணாடியில் ஒரு பெண் அபராதச் சீட்டைச் செருகுவதைப் பார்த்தாள். நிறுத்தக் கூடாத இடத்தில் நிற்கும் வண்டிகளுக்குச் சீட்டுப் போடுகிறவர். சாம்பல் நிறச் சட்டை, தொப்பி, இடுப்பில் சீட்டு அடிக்கும் சிறு பெட்டி. தெருவில் அவருக்கு யாரும் வணக்கம் சொல்வதில்லை. அவர் தலை தெரிந்ததும், வண்டியை எடுக்கச் சொல்லிக் கடைக்குக் கடை விசில் பறக்கும்.

"மேடம், ஒரு உதவி."

"எழுதினதை எடுக்க முடியாதும்மா."

"சீட்டுக்கு இல்ல. ஒரு கையெழுத்து." பல்லக்கா மூச்சு விடாமல் சொல்லி முடித்தாள்.

சீட்டுக்காரம்மா பெட்டியை மூடினார். விசாரணை போலக் கேட்டார். "அந்தப் பெரியவரை எனக்குத் தெரியாது."

"அதுதான் வேணும்."

"அவருக்கும் என்னைத் தெரியாது. அவர் வண்டிக்குச் சீட்டுப் போட்டிருக்கேனா?"

"அவர்கிட்ட வண்டியே கிடையாது."

"எனக்கு இதுல ஒண்ணும் வராது?"

"வரவே கூடாது."

"உங்களுக்கு?"

பல்லக்கா தடுமாறினாள். "எனக்கு... ஏதோ எழுதியிருக்காராம். என்னன்னு தெரியாது. அதனாலதான் நான் போட முடியல."

சீட்டுக்காரம்மா அவள் பக்கம் நன்றாகத் திரும்பினார். "இந்தத் தெருவுல நாலு வருஷமா நடக்கறேன். என்னைப் பார்த்து எல்லாரும் ஓடுவாங்க. தேடி வந்தது நீங்கதான். அதுவும் ஒண்ணும் இல்லாததுக்கு." தொப்பியைக் கழற்றி அக்குளில் வைத்துக்கொண்டார். "வாங்க. பதினஞ்சு நிமிஷம். அதுக்குள்ள எவன் வண்டி தப்பிச்சாலும் அது அவன் அதிர்ஷ்டம்."

அவர் அறைக்குள் நுழைந்ததும் வக்கீல் எழுந்து, "ஒரு நிமிஷத்துல எடுத்துடறேன் மேடம், வண்டியை" என்று பதறினார்.

"சீட்டுப் போட்டாச்சு. உட்காருங்க" என்றார் அந்த அம்மாள். "எங்க போடணும்?"

வக்கீல் பல்லக்காவைப் பார்த்தார். அவள் வெளியே வந்து கதவைச் சாத்தினாள்.

கதவின் இந்தப் பக்கம் அவள் நின்றதில்லை. ஆனாலும் உள்ளே நடப்பது ஒவ்வொன்றும் அவளுக்குத் தெரிந்தது. நாற்காலி நகரும் சத்தம். இது உங்கள் சொந்த விருப்பத்தில் எழுதியதா என்று வக்கீல் கேட்கிறார். ஆமாம் என்கிறார் செவ்வாய், தேவைக்கு மேல் சத்தமாக. பக்கம் திரும்புகிறது; ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் அவர் கையெழுத்து. ஒன்று, இரண்டு, மூன்று, நாலு. இந்த நாலில் எந்தப் பக்கத்தில் அவள் இருக்கிறாள்? இப்போது தட்டச்சுக்காரர் போடுகிறார். பேனாவை உதறாமல் அவருக்கு எழுத வராது. அடுத்தது அவள் இடம். அந்த இடத்தில் வேறொரு கை எழுதுகிறது. நீளமான பெயர் போலிருக்கிறது. பல்லக்கா அது முடியும்வரை சுவரில் கை வைத்துக்கொண்டு நின்றாள்.

சீட்டுக்காரம்மா தொப்பியை மாட்டிக்கொண்டு வெளியே வந்தார். "நல்ல மனுஷன். என் பேனாவோட மை சரியில்லன்னு சொன்னார்" என்றுவிட்டுப் படியிறங்கினார். சற்று நேரத்தில் கீழே விசில்கள் பறந்தன.

செவ்வாய் துணிப்பையோடு வந்தார். பல்லக்கா பையை வாங்கிக்கொண்டாள். ஐந்தே கால். கூடப் போய்விட்டு வரட்டுமா என்று அவள் கேட்கும் முன்பே டாக்டரம்மா உள்ளேயிருந்து, "போங்கக்கா, நான் பாத்துக்கறேன்" என்றார்.

படியில் ஒவ்வொன்றாக இறங்கினார்கள். முதல் மாடித் திருப்பத்தில் அவர் நின்றார்.

"என்னன்னு கேக்க மாட்டியா?"

"மாட்டேன்."

"பெருசா ஒண்ணும் இல்லம்மா. உன்னை ஏமாத்தக் கூடாது பாரு. அதான் சொல்றேன்..."

"சொல்லாதீங்க ஐயா. அது எனக்கு வரணும்னா நீங்க..." மீதியை விட்டுவிட்டாள். "அது வரவே வேணாம்."

"வேணாம்னா எதுக்கு ஆள் தேடித் தெருவெல்லாம் அலைஞ்சே? முன்னாடியே கையெழுத்தைப் போட்டிருக்கலாமே?"

"எழுதினது இருக்கணும்" என்றாள் பல்லக்கா. "கைக்கு வர வேணாம். எழுதினது அழியாம இருந்தாப் போதும்."

அவர் அதை மனதுக்குள் நிறுத்துப் பார்ப்பதுபோல நின்றார். "சரி" என்றார் கடைசியில். "அது நியாயமான எடைதான்."

கைப்பிடியை அவர் ஒரு பக்கம் பிடித்துக்கொள்ள, மறுபக்கம் அவள் முழங்கையைக் கொடுத்தாள். வாடகைக் காரில் அவர் வாய் ஓயவில்லை. மருத்துவமனை எடைக் கருவிகளை எவனும் ஒழுங்காகச் சோதிப்பதில்லை என்று ஓட்டுநருக்கு விளக்கிக்கொண்டே வந்தார்.

அறுவை நல்லபடியாக முடிந்தது. இது நடந்து ஆறு மாதம் ஆகிறது. தங்கையின் பொத்தான்களை ஞாயிற்றுக்கிழமைகளில் அவர்தான் இன்னும் போட்டுவிடுகிறார்.

பல்லக்காவும் மற்றவர்களின் உயில்களுக்கு வழக்கம்போல் போய்க் கையெழுத்துப் போட்டுவிட்டு வருகிறாள். வக்கீல் நாற்காலிக்குப் பின்னால் ஒரு இரும்பு பீரோ இருக்கிறது. முடிந்த உயில்களை உறையில் இட்டு, அரக்கு வைத்து அதில் அடுக்குவார். அவள் சாட்சி போட ஆரம்பித்த பிறகு சேர்ந்தவை எல்லாம் அவள் கை பட்டவை. ஒரே ஒரு உறையில் அவள் கை படவில்லை. எந்தத் தட்டு, எத்தனையாவது என்று பார்த்து வைத்துக்கொள்ள அவளுக்கு எத்தனையோ சந்தர்ப்பம் வாய்த்தது. வக்கீல் எழுந்து சாவியைத் திருகும்போதெல்லாம் அவள் ஜன்னல் பக்கம் திரும்பி, தெருவில் யார் வண்டிக்குச் சீட்டு விழுகிறது என்று பார்த்துக்கொண்டிருப்பாள்.